மதியக் காட்சி முடிந்து ஜோசப் சொன்னது

12-8-1984, ஞாயிறு

தம்பி ஜோசப் பொம்மிடிக்கு மதியக் காட்சிக்குக் கூட்டிப் போனான். சீனக் கராத்தே படம். அண்ணனைக் கொன்றவனைத் தேடிப் போய்க் கதாநாயகன் அடித்தே கொல்கிறான். கொட்டகை முழுக்க விசில். செத்தவனின் மகள் ஓடிவந்து அப்பாவைக் கட்டிக்கொண்டதும், கதாநாயகன் தன் கைகளையே பார்த்து அழுதான்.

வரும் வழியில் ஜோசப் சைக்கிளை நிறுத்தினான். "அக்கா, மாமாவ வெட்டுனவன் அடுத்த வாரம் ஜெயில்ல இருந்து வரானாம். நான் அவன ஒன்னும் பண்ண மாட்டேன்க்கா. அவனுக்கும் ஒரு பொண்ணு இருக்குது."

இத்தனை வருஷமாய் அவனிடம் இதைத்தான் கெஞ்சினேன். மாதாவுக்கு மெழுகுவத்தி ஏற்றினேன். ஆனால் அவன் சொன்னதும், "அப்ப என் வூட்டுக்காரர் செத்தது அவ்வளவுதானாடா?" என்று கேட்டுவிட்டேன்.

ஏன் கேட்டேன்? அவன் இன்னும் சாப்பிடாமல் வாசலில் உட்கார்ந்திருக்கிறான். கூப்பிட வேண்டும். கூப்பிட்டு என்ன சொல்வது என்றுதான் தெரியவில்லை.