ஷோகேஸ் ஆமைகள்

டாலிகஞ்ச்,
வெள்ளிக்கிழமை

அன்பு மகள் சபாவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். வாப்பா எழுதுகிறேன். போனில் சொன்னால் பாதியிலேயே வைத்துவிடுவாய். அதனால் கார் நிக்கோபார் கப்பலில் அங்கே வரும் யோகராஜ் சாரிடம் இதைக் கொடுத்தனுப்புகிறேன். உன் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் சுகமா? இங்கே விடாத மழை. உம்மாவுக்கு முழங்கால் வலி. என்னோடு பேசுவதில்லை.

மெயின்லேண்டிலிருந்து கண்காட்சிக்குப் படம் தேர்ந்தெடுக்க ஒரு க்யூரேட்டர் மேடம் வந்தார் அல்லவா? உனக்குத்தான் லீவும் கிடைக்கவில்லை, கப்பலும் கிடைக்கவில்லை. நீ சொன்னபடியே, கப்பல் டிக்கெட் கவுண்டர் வரிசையை மூன்று வருடமாக நீ வரைந்த ஆறு படங்களையும் விரித்துக் காட்டினேன். நிதானமாகத்தான் பார்த்தார். பிறகு, வரிசை டில்லியிலும் இருக்கிறது, இதில் தீவு எங்கே என்று இந்தியில் கேட்டார். நாலு நாள் டிக்கெட் கிடைக்காமல் நின்றவனைக் கேட்டால் தெரியும், தீவு எங்கே என்று. அதைச் சொல்வதை விட்டுப் படங்களைச் சுருட்டத் தொடங்கினேன்.

அவர் பையை மூடினார். வந்த ஆளை வெறுங்கையோடு அனுப்பாத கடைக்காரப் புத்தி எனக்கு. கல்லூரி லீவில் டூரிஸ்டுகளுக்காக நீ பலகையில் வரைந்து தள்ளிய ஆமைகள் நம் கடை ஷோகேசில் கிடந்தன. எடுத்து வைத்தேன். மேடத்தின் முகம் மலர்ந்துவிட்டது. யாரிடம் கற்றாள் என்றார். அவர் எந்தப் பதிலுக்கு ஆசைப்படுகிறார் என்று எனக்குப் புரிந்துவிட்டது. யாரும் கற்றுத்தரவில்லை, கடலைப் பார்த்துத் தானாகவே வரைகிறாள் என்றேன். கொல்கத்தாவில் நீ படித்த நாலு வருடத்தை ஒரே பேச்சில் அழித்துவிட்டேன். நீட்டிய காகிதத்தில் உன் சார்பில் கையெழுத்தும் போட்டேன்.

கண்காட்சிப் புத்தகம் நேற்று வந்தது. உன் பெயர், ஆமை, நான் சொன்ன பொய். மேடத்துக்குப் போன் செய்து உண்மையைச் சொன்னேன். அச்சாகிவிட்டது, அடுத்த வருடத்துக்கும் ஆமைகளே போதும் என்றார். இங்கே டெலானிபூரில் கண்காட்சி வைக்கிறவர்களிடம் வரிசைப் படங்களைத் தூக்கிக்கொண்டு ஓடினேன். அவர்களும் அந்தப் புத்தகத்தைப் பார்த்துவிட்டார்கள். சபா என்றால் ஆமைதானே, அதைக் கொண்டு வாருங்கள் என்கிறார்கள். இனி எவர் வந்தாலும் அதையேதான் கேட்பார்கள். எனக்கு ஒரு வழியும் தெரியவில்லை.

மகளே, மன்னித்துவிடு என்று எழுதவே வெட்கமாக இருக்கிறது. வரைவதை விட்டுவிடாதே என்று சொல்ல எனக்கு என்ன யோக்கியதை? அல்லாஹ் உன் கையைக் காக்கட்டும். திட்டியாவது இரண்டு வரி எழுது.

உன் வாப்பா,
அய்யூப்