அவருடைய ஒரு பகல்

கர்க்கடக மாசம், வெள்ளிக்கிழமை இரவு. மழை விடவில்லை.

ஆஸ்பத்திரியில் டாக்டரம்மா ஸ்கேனைப் பார்த்துவிட்டு, "அம்மாவோட மோன் வெளியில உண்டல்லோ, கூப்பிடட்டுமா?" என்று கேட்டாள். வெளியே பெஞ்சில் இருந்தது மகன் இல்லை, என் வீட்டுக்காரர். நான் திருத்தவில்லை. என்னிடமே சொல்லுங்கள் என்றேன். அடுத்த மழைக்காலம் பார்ப்பது கஷ்டம் என்றாள்.

அவள் மேல் குற்றமில்லை. மருந்தும் விதையும் கெடாமலிருக்கக் காலத்தையே மெதுவாக்கி வைத்திருக்கும் சாலை பஜார் கிட்டங்கியில் இவருக்கு வேலை. காலையில் உள்ளே போய் வந்தால் அவருக்கு ஒரு பகல், வெளியே எனக்கு ஒரு வருஷம். கல்யாணத்தின்போது அவர்தான் மூத்தவர். இப்போது பஸ்ஸில் எனக்கு இடம் பிடித்துத் தந்தால், நல்ல பிள்ளை என்கிறார்கள்.

கரமனையில் இறங்கியதும், "டாக்டர் என்ன சொன்னாவ?" என்றார்.

"வாயுதானாம்."

நம்பிவிட்டார். அவ்வளவு சுலபமாக நம்பியதில் எனக்குக் கோபம்கூட வந்தது.

லீவு இன்றோடு முடிகிறது. சொன்னால் நாளை போகமாட்டார். பக்கத்திலேயே இருப்பார். அந்த இளம் முகம் என்னைக் கழுவித் துடைத்து, கடைசி வரை பார்த்துக்கொண்டு... வேண்டாம். ஆனால் சொல்லாமல் விட்டால்?

டிபன் பாத்திரத்தைக் கழுவிக் கவிழ்த்துவிட்டேன். சட்டையும் தேய்த்தாயிற்று.

சற்று முன் தூக்கக் கலக்கத்தில் சொன்னார்: "நாளைக்குச் சாயங்காலம் ரசவடை வாங்கிட்டு வாறேன். ஒண்ணும் தின்னாம இரு, என்னா?"

சரி என்றேன்.