வாசகம் இல்லாத தாள்

என் அன்பு அக்காவுக்கு,

தங்கை எழுதுகிறேன். நானும் அம்மாவும் இங்கே நலம். நீயும் அத்தானும் அப்படியே இருப்பீர்கள் என்று எழுதத்தான் கை போனது. அதை வாசிக்கும்போது உன் முகம் எப்படி இருக்கும் என்று நினைத்தேன், விட்டுவிட்டேன்.

அம்மாவின் முழங்கால் பரவாயில்லை. மாடிப்படி ஏறும்போது மட்டும் என்னைத் திட்டுகிறாள், படியை நான்தான் கட்டிவைத்த மாதிரி. சமையலறையில் ஒழுகிக்கொண்டிருந்த குழாயை ஒருவழியாக மாற்றிவிட்டோம். சொட்டுச் சத்தம் இல்லாமல் அம்மாவுக்கு இரண்டு நாள் தூக்கமே வரவில்லை.

நீ அனுப்பிய உறை போன செவ்வாய்க்கிழமை வந்தது. பதினொரு துண்டுச் சீட்டுகளையும் நான் அனுப்பிய வரிசையிலேயே அடுக்கி, கிளிப் போட்டுத் திருப்பி அனுப்பியிருந்தாய். கூட ஒரு வரி இல்லை. அன்று சாயங்காலம் அத்தான் போன் செய்தார். "தப்பா எடுத்துக்காதம்மா. அவ கோபத்துல அனுப்பல. வீட்டுல இருந்தா கண்ணுல பட்டுக்கிட்டே இருக்குன்னு சொன்னா, அவ்வளவுதான்" என்றார். காலையில் ஜன்னலோர நாற்காலியில் உட்கார்ந்தால் வெயில் சுவரைவிட்டு இறங்கும்வரை நீ எழுவதில்லை என்றும், தட்டில் வைத்தது வைத்தபடியே இருக்கிறது என்றும் சொன்னார். மூன்று மாதமாக இப்படித்தானாம்.

முதலில் எனக்குக் கோபம்தான் வந்தது. உன்னிடம் மறைப்பானேன்.

அந்தச் சீட்டுகள் எங்கிருந்து வந்தன என்று நான் சொன்னதே இல்லை. எங்கள் அச்சகத்தில் தினம் ஒரு தாள் கிழிக்கிற காலண்டர் போடுவது உனக்குத் தெரியும். தேதிக்குக் கீழே இரண்டு வரி வாசகம் வரும். அடுத்த வருஷத்துக்கான வாசகங்களைத் தேர்ந்தெடுக்கிற வேலையை முதலாளி என்னிடம் கொடுத்தார். "எல்லாச் சாமியும் வரணும், யாரும் நம்மகிட்ட சண்டைக்கு வரக் கூடாது." அவர் போட்ட நிபந்தனை அது ஒன்றுதான். மாடி அறையில் ஒரு மேஜை, ஒரு அலமாரி நிறைய எல்லா மதத்துப் புத்தகங்களும். கீழே மெஷின் ஓடினால் மேஜைமேல் டீ கிளாஸ் மெல்ல நடுங்கும். அந்த நடுக்கத்திலேயே காலையிலிருந்து வாசித்துக்கொண்டிருப்பேன். மத்தியானத்துக்கு மேல் எது பாலைவனத்தில் சொன்னது, எது ஆற்றங்கரையில் சொன்னது என்றே மறந்துபோகும். சொன்னவர்கள் எல்லாரும் பக்கத்து அறையில் உட்கார்ந்து தணிந்த குரலில் பேசிக்கொண்டிருப்பதுபோல இருக்கும். வீட்டுக்கு நடக்கும்போது தெரு எனக்குச் சற்றுக் கீழே எங்கோ இருக்கும்.

அத்தானின் அந்த முதல் போன் வந்ததும் அந்த மேஜைக்குத்தான். குழந்தை பிறந்து ஆறாம் நாள், அவள் போய்விட்டாள் என்று சொல்ல. போனை வைத்துவிட்டுக் குனிந்தால், கண்ணெதிரே திருத்தப் போட்டிருந்த தாளில், கஷ்டத்தோடு இலகுவும் இருக்கிறது என்று ஒரு வரி. அதைப் பிடித்துக்கொண்டுதான் அன்று வீடுவரை நடந்தேன். மறுநாள் அதை வெட்டி உனக்கு அனுப்பினேன். பிறகு வாரத்துக்கு ஒன்று. உயிரை நெருப்பு எரிக்காது என்று ஒன்று. நாளைய கவலையை நாளைக்கு விட்டுவிடு என்று ஒன்று. இறந்த பிள்ளையைத் தூக்கிக்கொண்டு அலைந்தவளிடம், சாவு நுழையாத வீட்டில் ஒரு பிடி கடுகு வாங்கி வா என்று சொன்ன ஞானியைப் பற்றி ஒன்று. அதைப் போய் உனக்கு அனுப்பினேனே அக்கா. எனக்கு ஆறுதல் தந்தது உனக்கும் தரும் என்று நினைத்தேன். எனக்கு ஆறுதல் தேவைப்பட்டது, அதுதான் நிஜம்.

பைண்டிங் பிரிவில் ஓர் அம்மா இருக்கிறார். காலண்டர் கட்டுக்குத் தகரப் பட்டை அடிப்பவர். ஞாயிற்றுக்கிழமை தவறாமல் தேவாலயத்துக்குப் போவார். ஒன்பது வயதில் மகனைப் பறிகொடுத்தவர். புதன்கிழமை அவரிடம் சீட்டுகளைக் காட்டினேன். ஒவ்வொன்றாகப் படித்துவிட்டு, "எல்லாமே நல்ல வார்த்தைதான். ஆனா என் பையன் போனப்ப இப்படித்தான் ஆளாளுக்கு வந்து சொன்னாங்க. எனக்குக் காதை மூடிக்கணும்போல இருந்துச்சு" என்றார். பிறகு, அவர்கள் வேதத்தில் வருகிற ஒரு மனிதரின் கதையைச் சொன்னார். ஒரே நாளில் பிள்ளைகள் அத்தனை பேரையும் இழந்தவர். மூன்று சிநேகிதர்கள் தூரத்திலிருந்து வந்து, அவரோடு தரையில் உட்கார்ந்தார்களாம். ஏழு நாள் ஒருவரும் வாய் திறக்கவில்லையாம். "அந்த ஏழு நாள்தான் அவங்க செஞ்ச நல்ல காரியம். அப்புறம் ஆறுதல் சொல்ல ஆரம்பிச்சாங்க. எல்லாம் கெட்டுப்போச்சு."

பக்கத்தில் கையில் மை துடைத்துக்கொண்டிருந்த மெஷின்காரர் முதல் சீட்டை எடுத்துப் பார்த்தார். அந்த வரி அவர் தொழுகையில் ஓதுகிற வரிகளில் ஒன்றாம். "கஷ்டத்துக்கு அப்புறம்னு இதுல இல்லம்மா. கூடவேன்னுதான் இருக்கு. கூட இருக்க ஆள் வேணும்ல" என்றார். தினமும் சொல்கிற வரியை அவர் அவ்வளவு சாதாரணமாகச் சொல்லிவிட்டுப் போனார். நான் அதை எத்தனை முறை திருத்தியிருப்பேன்.

அன்று மத்தியானம் புத்தகத்தின்மேல் தலை சாய்த்துக் கண்ணயர்ந்துவிட்டேன். நீ அதே ஜன்னலோரத்தில் இருக்கிறாய். கூரையிலிருந்து எழுத்துகள் காகிதத் தூசிபோல மெதுவாக இறங்கி உன் தலைமுடியில் படிகின்றன. எந்த மொழி என்று தெரியவில்லை, அழகாகத்தான் இருக்கின்றன. நான் ஒவ்வொன்றாக ஊதிவிடுகிறேன். ஊத ஊத உன் நெற்றி தெரிகிறது. நீ என்னைப் பார்க்கவில்லை, போகவும் சொல்லவில்லை. கீழே மெஷின் நின்ற அமைதியில்தான் கண் விழித்தேன்.

வியாழக்கிழமை உன் மகள் பிறந்த மாதத்துத் தாள்களை முடித்துக் கொடுத்தேன். அவள் பிறந்த தேதிக்கு மட்டும் எதையும் வைக்க எனக்கு மனம் வரவில்லை. முதலாளி கண்ணாடியைத் தூக்கிவிட்டுக்கொண்டு, "இந்தத் தேதிக்கு வாசகம் எங்க? காலியா விட்டா நாம மறந்துட்டோம்னு சொல்லுவாங்க" என்றார். மறக்கவில்லை என்று மட்டும் சொன்னேன். என் முகத்தைப் பார்த்தார். "யாரோட நாள்?" என்று கேட்டார். சொன்னேன். பேனாவை மூடிவைத்துவிட்டு, அப்படியே ஓட்டச் சொல்லி மெஷினுக்கு அனுப்பினார். ஆயிரக்கணக்கில் அச்சாகியிருக்கிறது, அக்கா. தேதி இருக்கிறது. கீழே வெறும் வெள்ளை.

அவரிடமே ஏழு நாள் லீவும் கேட்டேன். அத்தானிடம் சொல்லிவிட்டேன், உன்னிடமும் சொல்ல வேண்டும் அல்லவா? வருகிற திங்கட்கிழமை காலை ரயிலில் வருகிறேன். ஸ்டேஷனுக்கு யாரும் வர வேண்டாம், வழி தெரியும். எனக்காக எதுவும் சமைக்க வேண்டாம், நானே பார்த்துக்கொள்வேன். அம்மாவும் வருகிறேன் என்று பெட்டியை இழுத்தாள். இந்த முறை நான் மட்டும் போகிறேன் என்று கெஞ்சி உட்காரவைத்திருக்கிறேன். தன் பழைய பருத்திப் போர்வையைத் துவைத்து மடித்துத் தந்திருக்கிறாள்.

ஏழு நாள் நான் பேசாமல் இருக்கப்போகிறேன் என்றதற்கு அச்சகமே சிரிக்கிறது. இருந்து காட்டுகிறேன். உன் நாற்காலிக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்துகொள்வேன். நீ என்னிடம் பேச வேண்டாம். என்னைப் பார்க்கவும் வேண்டாம்.

ஒன்றே ஒன்று மட்டும். உன் மகளை நான் பார்க்கவே இல்லை. அவளுக்கு என்ன பெயர் வைக்க நினைத்திருந்தாய் என்று இதுவரை ஒருவரும் உன்னிடம் கேட்கவில்லை, நானும் கேட்கவில்லை. அங்கே வந்தும் கேட்க மாட்டேன். என்றைக்காவது உனக்கே சொல்லத் தோன்றினால், மெதுவாகச் சொன்னால் போதும். பக்கத்தில்தான் இருப்பேன்.

உன்
வாயாடித் தங்கை