பூண்டுக் கயிற்றில் என் கல்யாணம்

பூம்பாறை,
செவ்வாய்க்கிழமை

அக்கா,

கல்யாணத்துக்குப் பத்தே நாள்தான் இருக்கிறது. ஆனாலும் நான் பதறவில்லை, நம்பு! அடுப்புக்கு மேலே பூண்டுக் கட்டுகளைப் புகையில் தொங்கவிடுவோமே, அந்தக் கயிறு இப்போது காலி. ஒரு வேலைக்கு ஒரு காகிதம் என்று எழுதி அதில் மாட்டிவிட்டேன். பந்தல், சமையல்காரர், மேளம், மாலை. வேலையை முடித்தவர் காகிதத்தைக் கழற்றிவிட வேண்டும், அவ்வளவுதான்.

"கல்யாண வீடா இது, துணி காயப்போட்ட வீடா?" என்று சிரித்த அம்மா, இப்போது தினமும் எழுந்ததும் அண்ணாந்து பார்க்கிறாள். "இன்னும் ஏழு காகிதந்தாண்டி கெடக்கு!"

அப்பா மட்டும் ஒன்றையும் தொடவில்லை. மூன்று வருடமாக உன் பெயரையே எடுக்காதவர். உன்னை அழைக்க வேண்டும் என்று எழுதிய காகிதத்தை, அவருக்குப் பயந்து என் நோட்டுக்குள்ளேயே வைத்திருந்தேன்.

இன்று காலையில் கயிற்றில் புதிதாக ஒன்று தொங்கியது. அப்பாவின் கோணல் எழுத்து: "வத்தலக்குண்டு பஸ் ஸ்டாண்டுக்கு ஜீப் அனுப்பணும். மூணு பேரு. கைப்பிள்ளைக்குக் கம்பளி."

உனக்குக் குழந்தை பிறந்ததை நான் அவரிடம் சொல்லவே இல்லை, அக்கா!

அந்தக் காகிதத்தை யாரும் தொடக் கூடாது என்று சொல்லிவிட்டேன். நீ வந்து கழற்று.

உன் தங்கை,
கல்யாணப் பெண்