பதினோரு இடத்தில் அடித்த சொல்

14 ஜனவரி 1986
முட்டைக்கு இரண்டு மணி நேரம் வரிசையில் நின்றேன். கிடைக்கவில்லை. மத்தியானம் தணிக்கைத் தோழர் ஜுர்க்கா என் நாடகத்தைத் திருப்பிக் கொடுத்தார். ‘குளிர்’ என்ற சொல்லைப் பதினோரு இடத்தில் சிவப்பு மையால் அடித்திருக்கிறார்.

“ருமேனியாவுல குளிரே இல்லையா, தோழர்?”

“இருக்கலாம். மேடையில இல்ல, தோழர் வெத்தூரியா.”

நடிக்கப்போவது என் தம்பி கிரிகோரே. ஏற்கெனவே அவன்மேல் ஒரு புகார் இருக்கிறது. இன்னொன்று வந்தால் மேடை ஏறவே விடமாட்டார்கள். ஆனால் சிரிக்கிறான். “அந்த இடத்துல வாயைத் திறந்துட்டுச் சும்மா நிக்கிறேன்க்கா. சும்மா நிக்கிறதை எந்த மையால அடிப்பாரு?”

17 ஜனவரி
முதல் காட்சி. அரசு ஊருக்கே கணப்பை நிறுத்திவிட்டது, அரங்கிலும் இல்லை. முந்நூறு பேரும் கோட்டும் தொப்பியுமாக. கிரிகோரே கையைத் தேய்த்துக்கொண்டு, “இன்னிக்கு ரொம்ப...” என்று நிறுத்தினான்.

ஒரு விநாடி. பிறகு முந்நூறு வாயிலிருந்தும் ஆவியோடு சிரிப்பு. பதினோரு தடவையும்! எனக்கு இன்னும் வயிறு வலிக்கிறது.

18 ஜனவரி
யாரோ மேலிடத்துக்கு எழுதிப் போட்டுவிட்டார்கள். நாளை ஜுர்க்காவே பார்க்க வருகிறார். நாடகம் எழுதினது நான்தானே, அவனை ஏன் பிடிக்கணும்? நாளைக்கு ஒருநாள் நிறுத்தாதேடா, வேற ஏதாவது சொல்லைப் போட்டுக் கடகடன்னு சொல்லிட்டுப் போயிடு என்று கெஞ்சினேன்.

19 ஜனவரி
நிறுத்தவில்லை. “இன்னிக்கு ரொம்ப இதமா இருக்கு” என்று பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி ஒப்பித்தான். அரங்கில் மூச்சில்லை. அந்த அமைதியில், முதல் வரிசையில் ஜுர்க்கா பக்கத்து ஆளிடம் சொன்னது கடைசி வரிசைவரை கேட்டது:

“அடேயப்பா, என்ன குளிரு.”

நான் திரைக்குப் பின்னால் தரையிலேயே உட்கார்ந்துவிட்டேன். நாற்காலிகள் குலுங்கின. ஜுர்க்கா எழுந்தார், உட்கார்ந்தார், தொப்பியைக் கழற்றினார், மறுபடி போட்டுக்கொண்டார்.

20 ஜனவரி
அந்தச் சொல்லைச் சொன்னது யார் என்று ஜுர்க்கா தன் அறிக்கையில் எழுதியாக வேண்டுமே! ‘அடிக்கப்பட்ட சொல்லை எந்த நடிகரும் உச்சரிக்கவில்லை.’ கையெழுத்து: ஜுர்க்கா. தம்பி தப்பித்தான். காலையிலிருந்து ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்க முடியவில்லை, சிரிப்பு வந்துவிடுகிறது.

2 பிப்ரவரி
சொல்லை அடித்துப் பயனில்லை என்று மேலிடம் குளிரையே அடித்துவிட்டது. ஊரிலேயே எங்கள் அரங்குக்கு மட்டும் கணப்பு. கிரிகோரே பதினோரு இடத்திலும் நிறுத்திப் பார்த்தான். யாரும் சிரிக்கவில்லை. கோட்டைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு தூங்குகிறார்கள். மார்ச் முடியும்வரை டிக்கெட் எல்லாம் விற்றுத் தீர்ந்துவிட்டது.

இடைவேளையில் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு வந்தான். “நம்ம ஜோக்குக்கு ஒருத்தரும் வரலக்கா.”

“மெதுவாப் பேசுடா, முழிச்சுக்கப் போறாங்க” என்றேன்.