லத்தியும் ‘டா’வும்

மார்ச் 3, திங்கள்

இன்று கொத்தனாரின் முன்பல் ஒன்று போயிற்று. சாப்பாட்டு வரிசையில் முன்னால் நின்றவனைத் தள்ளினான். "டேய்" என்றேன். முறைத்தான். லத்தி பேசிவிட்டது. தோளுக்குத்தான் ஓங்கினேன், அவன் குனிந்தால் நான் என்ன செய்ய? விழுந்த பல்லைத் துடைத்துச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டான். கூட்டாளியைச் சாந்துக் கரண்டியால் குத்திக் கொன்றுவிட்டு உள்ளே வந்தவன். இவனுக்கெல்லாம் ஒரு பல் பெரிய சேதமா?

இந்த பிளாக்குக்கு நான் தலைமை வார்டர். காலையில் என் லத்தி கம்பிகளில் டர்ர்ரென்று ஓடினால்தான் கைதிகளுக்குப் பொழுது விடியும்.

புது சூப்பிரண்டு அம்மா நாளை வரச் சொல்லியிருக்கிறார். பல் விஷயம் காதுக்குப் போய்விட்டது போல. போகட்டும்.

மார்ச் 4

மெமோ கிடைக்கும் என்று போனேன். அதைவிடப் பெரிய இடி. இனி பிளாக்குக்குள் லத்தி கிடையாது. ‘டா’வும் கிடையாது. கைதியானாலும் வாங்க, போங்கதான். அதை நடத்திக் காட்டும் பொறுப்பு எனக்காம்.

ஏன் எனக்கு என்று கேட்டேன். அந்த அம்மா கண்ணைச் சிமிட்டாமல் சொன்னார்: "இந்த ஜெயில்லயே அதிகமா அடிக்கிறது நீங்கதான். நீங்க கீழ வச்சாத்தான் மத்தவங்களும் வைப்பாங்க."

இது பாராட்டா, செருப்படியா?

இரண்டு மாதம் சோதனையாம். கைதிகளால் ஒரு வார்டர் உயிருக்கு ஆபத்து என்று வந்தால் லத்தி திரும்பிவிடும். மேலிடத்தில் அதற்குத்தான் காத்திருக்கிறார்களாம். நானும்தான் என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டேன்.

மார்ச் 10

லத்திகளை ஸ்டோர் அறையில் போட்டுப் பூட்டினோம். கடைசியாக வைத்தவன் என் மைத்துனன். மனைவியின் தம்பி, என் கீழேயே வார்டர், வேலைக்குச் சிபாரிசு செய்ததும் நான்தான். "பல்லு புடுங்குன பாம்பா ஆக்கிட்டீங்களே மாமா" என்றான்.

பிறகு பயிற்சி. ஒரு வார்டர் கைதியாகப் படுக்க வேண்டும், இன்னொருவர் மரியாதையாக எழுப்ப வேண்டும். தொப்பை வார்டர் முறை வந்தது. நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு "எந்திரிங்கடா" என்றார். என்னய்யா இது என்றால், "அதான் ‘ங்க’ போட்டேனே" என்கிறார். எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தோம். என் முறை வந்தபோது எனக்கும் அதேதான் வந்தது. லத்தியை ஸ்டோரில் வைக்கலாம். ‘டா’வை எங்கே கொண்டுபோய் வைப்பது?

மார்ச் 14

ரத்தம். மதியச் சாப்பாட்டில் இரண்டு கூட்டம் மோதிக்கொண்டது. தட்டுகள் பறந்தன. ஒரு தட்டு விளிம்பு தொப்பையின் நெற்றியைப் பிளந்தது. மனிதர் அப்படியே உட்கார்ந்துவிட்டார். என் கை இடுப்புக்குப் போயிற்று. அங்கே ஒன்றுமில்லை. அதைப் பார்த்து ஒருவன் சிரித்தான். அவனைத் தொடர்ந்து கூடமே சிரித்தது.

அடிதடியின் நடுவில் போய் விழுந்தேன். ஒருவனைக் கட்டிக்கொண்டு தரையில் உருண்டேன். முதுகில் மிதித்தார்கள். ஒருவன் காதைக் கடித்தான், விடவே இல்லை. அடிப்பது சுலபம். அடிக்காமல் பிரிப்பதற்குத்தான் உடம்பு வேண்டும். கடைசியில் பிரித்தோம், ஒரு கைதிக்கும் எலும்பு முறியாமல்.

இதுவரை இது அந்த அம்மாவின் உத்தரவு. இனிமேல் என் வீம்பு. அந்தச் சிரிப்புக்காகவாவது நடத்திக் காட்டுவேன்.

மார்ச் 15

காது விண் விண்ணென்று தெறிக்கிறது. இன்றும் ‘டா’ வந்துவிட்டது. நாக்கை அறுத்தால்தான் உண்டு.

மார்ச் 27

இடது உள்ளங்கையில் தையல். வலது கையால் எழுதுகிறேன்.

குளியல் தொட்டிப் பக்கம். மைத்துனன், படுபாவி, கால்சட்டைக்குள் இரும்புக் குழாய்த் துண்டு ஒன்றை ஒளித்து வைத்திருந்திருக்கிறான். வழியை மறித்து நின்றான் என்று கொத்தனாரின் முழங்காலில் ஒரே போடு. எலும்பில் பட்ட சத்தம் எனக்குக் கேட்டது. மற்ற வார்டர்கள் சுவருக்கு அந்தப் பக்கம். பார்த்தது நான் மட்டும். அடித்த கையோடு குழாயைச் சாக்கடைக்குள் போட்டுவிட்டான்.

விழுந்த கொத்தனார் எழுந்தபோது கையில் கூராகத் தீட்டிய ஸ்பூன். மைத்துனனைப் பின்னாலிருந்து வளைத்து, முனையைக் காதுக்குக் கீழே அழுத்தினான். ரத்தம் காலருக்குள் இறங்கியது. ஓடிவந்த வார்டர்கள் அப்படியே நின்றுவிட்டார்கள். யாரோ லத்தியை எடுத்துவரச் சொல்லிக் கத்தினார்கள்.

‘விடுடா’ என்று கத்தத்தான் வாயைத் திறந்தேன். வந்தது வேறு.

"விடுங்க. எதுவா இருந்தாலும் பேசலாம். நீங்க விடுங்க."

கொத்தனார் திரும்பிப் பார்த்தான். யாரிடம் சொல்கிறேன் என்று! தனக்குப் பின்னால் யாரோ அதிகாரி நிற்கிறார் என்று நினைத்துவிட்டான். அந்த நொடியில் பாய்ந்தேன். ஸ்பூன் என் உள்ளங்கையில் ஏறியது. மூன்று பேரும் தொட்டிக்குள் விழுந்தோம். தண்ணீர் சிவந்துபோயிற்று.

ஆஸ்பத்திரிக்கு வந்த தொப்பை, "நல்ல ட்ரிக் சார்" என்று தோளில் தட்டிவிட்டுப் போனார்.

ட்ரிக்கா அது?

மார்ச் 28

மைத்துனன் கழுத்தில் கட்டோடு வீட்டுக்கு வந்தான். காரணமே இல்லாமல் கொத்தனார்தான் பாய்ந்தான் என்று விசாரணையில் நான் சொல்ல வேண்டுமாம். லத்தியும் திரும்ப வந்துவிடும், எல்லோருக்கும் நிம்மதியாம். அப்படிச் சொன்னால் கொத்தனார்மேல் கொலை முயற்சி வழக்கு. அடுத்த வருடம் வெளியே போக வேண்டியவன், கிழவனாகத்தான் போவான்.

குழாய் எதற்கு எடுத்துப் போனாய் என்று கேட்டேன்.

"எல்லாம் உங்ககிட்ட கத்துக்கிட்டதுதான மாமா" என்றான்.

அறைந்தேன். அவன் ஸ்டூலைத் தூக்கி வீசினான். அலமாரிக் கண்ணாடி நொறுங்கியது. அவன் தலையைச் சுவரில் வைத்து அழுத்தினேன் — ஆமாம், அழுத்தினேன் — தையல் பிரிந்து சுவரெல்லாம் என் ரத்தம். மனைவி எங்கள் நடுவில் புகுந்து என்னைப் பிடித்துத் தள்ளினாள்.

"உள்ள இருக்கறவனுக்கு வாங்க போங்க. என் தம்பிக்கு மட்டும் அடியா?"

பிரிந்த தையலைத் திரும்பப் போட ஆஸ்பத்திரிக்கு நடந்தேன்.

மார்ச் 29

கொத்தனாரைத் தனிச் செல்லில் வைத்திருக்கிறார்கள். முழங்கால் பூசணிக்காய் அளவுக்கு வீங்கியிருக்கிறது. கதவுக்கு வெளியே நின்றேன். அவனே கேட்டான், பல் போன இடத்தில் காற்று சீறியது.

"என்னைத் திரும்பிப் பாக்க வைக்கத்தான் அப்படி மரியாதையாச் சொன்னீங்களா சார்?"

தெரியவில்லை என்றேன். சத்தியமாகத் தெரியவில்லை.

ஏப்ரல் 2

விசாரணை. சூப்பிரண்டு அம்மா, மேலிடத்து ஆள் ஒருவர், எதிரே நாங்கள். முதலில் அடித்தது யார் என்று கேட்டார்கள். மைத்துனன் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"என் மச்சினன்தான். இரும்புக் குழாயால. குழாய் தொட்டி பக்கத்துச் சாக்கடைல கெடக்கு."

ஆட்கள் போய் எடுத்து வந்தார்கள். வெளியே வந்ததும் மைத்துனன் என் சட்டையில் காறித் துப்பினான். கை எழும்பியது. இறக்கினேன். கத்தியும் குத்துமாக இருந்த பிளாக்குக்குள் போக நான் பயந்ததில்லை. இன்று வீட்டுக்குப் போகக் கால் வரவில்லை.

ஏப்ரல் 9

மைத்துனன் சஸ்பெண்ட். முதலில் அடித்தது வார்டர்தான் என்பதால் லத்தி திரும்பவில்லை, சோதனை தொடர்கிறது. "சாப்பிடறவங்க சாப்பிடலாம்" என்கிறாள் மனைவி, சுவரைப் பார்த்து. ஊரில் உள்ள திருடன் கொலைகாரனுக்கெல்லாம் ‘நீங்க’ வாங்கிக் கொடுத்தேன். எனக்கு வீட்டில் அதுகூட இல்லாமல் போயிற்று.

ஏப்ரல் 21

தொப்பை இன்று ஒருவனை ஓங்கி அறையப் போய், பாதியில் நிறுத்தி, அந்தக் கையால் தன் தலையையே சொறிந்துகொண்டார். பார்க்காத மாதிரி நடந்துவிட்டேன்.

மே 12

இரண்டு மாதம் முடிந்தது. லத்திகள் ஸ்டோரிலேயே கிடக்கின்றன. கரையான் வந்துவிட்டது என்கிறார் ஸ்டோர்க்காரர். மைத்துனன் இன்னும் என் வாசற்படி மிதிக்கவில்லை. இனி மிதிப்பானா, தெரியாது.

கொத்தனார்மேல் புது வழக்கு இல்லை. ஸ்பூனுக்கான தனிச் செல் தண்டனை இன்று காலையோடு முடிந்தது. பிளாக் வாசலில் நின்று, கம்பியைத் தட்டாமல், வெறும் குரலில் "வாங்க" என்று கூப்பிட்டேன்.

கொத்தனார் பின்னால் திரும்பிப் பார்க்கவில்லை. நொண்டிக்கொண்டே நேராக என்னிடம் வந்தார்.