பட்டுச் சேலையில் பால்வெட்டு

18 ஜூன் 1987, வியாழன்

நல்ல வெயில். ஃபேக்டரியில் மூன்று நாள் லீவு. ராவாங் வீடியோ கடை சிவா அண்ணன் கேமரா கொடுத்துவிட்டார். சனி மத்தியானம் திருப்பித் தரணும், ஞாயிறு அவருக்குக் கல்யாண ஆர்டர்.

எங்கள் ரப்பர் எஸ்டேட் வேலையை ஒரு படமாக எடுக்கப் போகிறேன். எடுக்க வேண்டியவை: விடியற்காலையில் ஆள் எண்ணும் பெரட்டு, மரத்தில் பால் வெட்டுவது, பால் நிறுப்பது, நாங்கள் குடியிருக்கும் லயத்துக் குழாயடி. நடுவில் அம்மா. அம்மா வராவிட்டால் படமே இல்லை.

சொல்லிவிட்டேன்: "எப்பவும் போல வாம்மா. தினம் செய்யிற வேலைதான் வேணும்."

"சரிலா, சரிலா."

19 ஜூன், வெள்ளி

விடியுமுன் பெரட்டுக்குப் போனேன். ஐயோ சாமி! அம்மா அரக்குப் பட்டில், தலை நிறையப் பூ. பக்கத்து வீட்டு லெட்சுமி அக்கா பச்சைப் பட்டு. பால் வெட்டுகிற பெண்கள் அத்தனை பேரும் பவுடர், பொட்டு, வளையல். வேலை வாங்கும் மண்டோருக்கே சிரிப்பு. "யாரு வூட்டுக் கல்யாணம்லா?"

இந்த எஸ்டேட்டுக்கு வீடியோ வந்ததெல்லாம் கல்யாணத்துக்குத்தான். நான் யோசித்திருக்கணும்.

"போய் மாத்திட்டு வாம்மா!" கத்தியே விட்டேன்.

"பால் நாத்தம் புடிச்ச சட்டையோட என்னைக் காட்டப் போறியா? கிள்ளான்ல இருக்கிற உங்க சித்தி இதைப் பார்ப்பா. முடியாது போ."

எனக்குக் கடுப்பு. வேறு வழி? அப்படியே எடுத்தேன். பட்டுச் சேலை, இடுப்பில் புகையும் கொசுவர்த்தி. கண்றாவி.

சாயங்காலம் லெட்சுமி அக்கா வீட்டு டி.வி.யில் போட்டுக் காட்டினேன். ஒரே சிரிப்பு, கும்மாளம். அம்மா மட்டும் சிரிக்கவில்லை. டி.வி.க்கு முன்னால் போய் உட்கார்ந்தாள்.

"என்னாடி இது, என் கையே தெரியல? முந்தானை மறைக்குது."

மறுபடி போடச் சொன்னாள். மறுபடியும்.

"த்தூ. நேத்து வேலைக்கு வந்தவ மாதிரி நிக்கிறேன்."

எழுந்து போய்விட்டாள். சோறும் வேண்டாமாம். நாளைக்கு வரவே மாட்டாளோ? ஒரு காலைதான் பாக்கி.

20 ஜூன், சனி

எனக்கு முன்னால் அம்மா ரெடி. அப்பாவின் பழைய முழுக்கைச் சட்டை, கறை படிந்த கைலி, தலையில் துண்டு, பூட்ஸ்.

"கிட்ட வந்து எடு. மூஞ்சி வேணாம், கத்தியப் பாரு."

பட்டை சுருள் சுருளாக விழுந்தது. பின்னாலேயே பால். அடுத்த மரம், அடுத்த மரம். என்ன வேகம்! பின்னால் ஓடி எனக்கு மூச்சு வாங்கியது. படம் ஆடுகிறது. ஆடட்டும். என் அம்மா எப்பேர்ப்பட்ட வேலைக்காரி!

கேமரா திருப்பிக் கொடுத்தாச்சு. வீட்டுக்கு வந்தால் இறால் குழம்பு. பாசிர் பெனம்பாங்கிலிருந்து மீன் வேன் வந்ததாம். அம்மாவுக்கு மனசு குளிர்ந்தால்தான் இறால்.

28 ஜூன், ஞாயிறு

கோயில் மண்டபத்தில் என் படம் போட்டோம். மேசை மேல் டி.வி. லயத்து சனம் முழுக்க. கே.எல். பட்டணத்தில் வீடியோ படிக்கிறவர்கள் நாலைந்து பேர் படம் பார்க்க வந்திருந்தார்கள். கிள்ளான் சித்தியும்.

அம்மா திரையில் வந்ததும் சித்தி முணுமுணுத்தாள்: "என்னாக்கா, நல்ல சேல ஒண்ணு கட்டியிருக்கலாம்ல?"

"சேலைய பாக்கவா உன்னைக் கூப்பிட்டேன்? கைய பாரு. கத்தி ஆழமா போயி மரத்துல எங்கயாச்சும் காயம் பட்டிருக்கா?"

சித்தி நாற்காலியை டி.வி. பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டாள்.

முடிந்ததும் கைதட்டல். கே.எல். ஆள் ஒருவர் என்னிடம் கேட்டார்: "யாருங்க அந்தம்மா?"

நான் வாய் திறப்பதற்குள் அம்மா நாற்காலியிலிருந்து எழுந்துவிட்டாள். மண்டபம் முழுக்கக் கேட்கிற மாதிரி:

"வெட்டுறது நானு. எடுத்தது எம்மவ."